கேத்தரீனாவின் கையில் என்ன இருந்தது?

ஷேக்ஸ்பியரின் நாடகங்களுள் வகுப்பில் நடத்துவதற்கு மிகவும் கடினமானது எது என்று யாராவது என்னைக் கேட்டால், துன்பியல் நாடகங்கள் எதையும் சொல்ல மாட்டேன். 'தி டேமிங் ஆஃப் தி ஷ்ரூ' என்னும் இன்பியல் நாடகத்தைத்தான் சொல்வேன். அடங்காப்பிடாரி என்று ஊரில் பெயரெடுத்த மூத்த மகளைப் பணத்துக்காக மணந்துகொள்ளும் ஒருவன், அவளைப் பட்டினி போட்டும் தூங்கவிடாமல் செய்தும் தன் சொல்லுக்குக் கட்டுப்பட வைக்கிறான். இறுதிக் காட்சியில் கணவனுக்குப் பணிந்து நடக்க வேண்டியதன் அவசியத்தை அவளே மற்ற மனைவிமாருக்கு எடுத்துரைக்கிறாள். கூடியிருப்போர் அதைக் கேட்டு மகிழ்கிறார்கள். 1590களின் தொடக்கத்தில் எழுதப்பட்டதாகக் கருதப்படும் இந்நாடகம், 1623இல் வெளிவந்த முதல் ஃபோலியோ தொகுப்பில் அச்சேறியது. காரைக்குடியில், சுற்றுவட்டார ஊர்களிலிருந்து பேருந்தேறி வரும் பெண்களே பெரும்பாலும் அமர்ந்திருக்கும் என் வகுப்பில், முதல் இரண்டு அங்கங்களுக்கு நல்ல சிரிப்பு எழும். நான்காம் அங்கம் வரும்போது அந்தச் சிரிப்பு நின்றுவிடும்.

இந்நாடகத்தைப் பற்றிய விவாதம் பெரும்பாலும் அந்த மூத்த மகளான கேத்தரீனாவின் மனத்தைச் சுற்றியே நடந்துவந்திருக்கிறது. அவள் உண்மையாகவே மாறிவிட்டாளா, மாறியதுபோல் நடிக்கிறாளா, கணவனோடு கூட்டுச் சேர்ந்து மற்றவர்களை ஏமாற்றுகிறாளா என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். இறுதிக் காட்சி இக்கால உணர்வுக்கு முற்றிலும் அருவருப்பானது என்று பெர்னார்ட் ஷா 1897இல் எழுதினார். 1929இல் வந்த திரைப்படத்தில் கேத்தரீனாவாக நடித்த மேரி பிக்ஃபோர்ட், பணிவுரையை ஆற்றியபடியே தங்கையைப் பார்த்துக் கண் சிமிட்டினார். அந்தச் சிமிட்டல் பார்வையாளருக்கு ஆறுதல் தருகிறது என்பதை மறுக்க மாட்டேன். ஆயினும் செட்டிநாட்டிலேயே பிறந்து, செட்டிநாட்டிலேயே வாழ்க்கைப்பட்ட எனக்கு, ஆண்டுதோறும் இந்நாடகத்தை நடத்தி வரும்போது வேறொரு கேள்வியே மேலோங்கி நிற்கிறது. அவள் மனத்தில் என்ன இருந்தது என்பதை நாம் எப்போதும் ஊகிக்கத்தான் முடியும். அவள் கையில் என்ன இருந்தது என்பதையோ நாடகமே வரிக்கு வரி சொல்லிவிடுகிறது. அதைக் கவனித்தால், திருமணத்தில் அதிகாரம் எங்கிருந்து பிறக்கிறது என்பதை ஷேக்ஸ்பியர் எவ்வளவு துல்லியமாக அறிந்திருந்தார் என்பது புலப்படும்.

கேத்தரீனா மேடையில் முதன்முதலாக வாய் திறக்கும் இடத்தைப் பாருங்கள். பதுவா நகரத்துப் பெருஞ்செல்வரான பாப்டிஸ்டா, மூத்தவளுக்குத் திருமணம் ஆகும்வரை இளையவள் பியாங்காவைக் கொடுப்பதில்லை என்று, பியாங்காவை விரும்பும் இருவரிடம் அறிவிக்கிறார். உங்களில் யாருக்காவது மூத்தவளைப் பிடித்திருந்தால் தாராளமாகக் கேட்கலாம் என்றும் சேர்த்துச் சொல்கிறார். இவையெல்லாம் வீட்டுக்குள் நடக்கவில்லை. பொது இடத்தில், இரு மகள்களையும் பக்கத்தில் நிறுத்திக்கொண்டே நடக்கின்றன. உடனே அவ்விருவருள் ஒருவரான கிரேமியோ என்னும் கிழவர், இவளை வண்டியில் ஏற்றி ஊர்வலம் விட வேண்டும் என்கிறார். ஒழுக்கம் கெட்டவர்கள் என்று தண்டிக்கப்பட்ட பெண்களை அக்காலத்தில் வண்டியில் வைத்துத் தெருத்தெருவாக இழுத்துச் சென்றார்கள். அந்த ஏச்சைக் கேட்டதும் கேத்தரீனா கிரேமியோவிடம் பேசவில்லை. தகப்பனிடம் திரும்பி, இந்த ஆட்களின் நடுவே என்னை இப்படிக் கேவலப்படுத்துவதுதான் உங்கள் விருப்பமா என்று கேட்கிறாள். அவளுடைய முதல் வாக்கியமே இதுதான். அடங்காதவள் என்று பெயர் சூட்டப்பட்டவள் முதலில் கேட்பது நியாயமான கேள்வி என்பதையும், அதற்குத் தகப்பன் பதிலே சொல்லவில்லை என்பதையும் நான் மாணவியரிடம் வலியுறுத்திச் சொல்வதுண்டு. இரண்டாம் அங்கத்தில் அவள் தங்கையைக் கட்டிப்போட்டு அடிக்கிறாள்; அதை நான் நியாயப்படுத்த மாட்டேன். ஆனால் அந்தக் காட்சியில் அவள் தகப்பனைப் பார்த்துச் சொல்வது, அவளே உங்கள் செல்வம், அவளுக்குத்தான் மாப்பிள்ளை வேண்டும், அவள் கல்யாணத்தில் நான் வெறுங்காலுடன் ஆட வேண்டும் என்பதுதான். கல்யாணமாகாத அக்காள் தங்கையின் திருமணத்தில் வெறுங்காலுடன் ஆடுவது அக்கால ஆங்கிலேயர் வழக்கு. மூத்தவள் இருக்க இளையவளைக் கட்டிக்கொடுத்த வீட்டில் அந்த மூத்தவள் பந்தியிலும் பந்தலிலும் எத்தனை கண்களைச் சந்திக்க வேண்டியிருக்கும் என்பது நம் பக்கத்தாருக்கு விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

பிறகு வெரோனாவிலிருந்து பெட்ரூச்சியோ வருகிறான். வந்த காரணத்தை அவன் ஒளிக்கவே இல்லை: பணக்கார இடத்தில் பெண் எடுக்க வந்தேன், பணம் இருந்தால் அதுவே இன்பம் என்கிறான். பெண்ணை ஒருமுறைகூடப் பார்க்காமல், மகளை மணந்தால் என்ன தருவீர்கள் என்று பாப்டிஸ்டாவிடம் கேட்கிறான். என் காலத்துக்குப் பின் நிலத்தில் பாதி, இப்போது கையில் இருபதாயிரம் கிரௌன் என்று பதில் வருகிறது. ஒரு கிரௌன் ஐந்து ஷில்லிங் என்பதால், இது 5,000 பவுண்டு. அக்காலத்தில் மிகப் பெரிய தொகை. பதிலுக்கு அவன் உறுதி கூறுவது என்னவென்றால், நான் இறந்து அவள் உயிரோடிருந்தால் என் நிலபுலன்கள் எல்லாம் அவளுக்கு என்பதாகும். இந்த ஏற்பாட்டைச் சற்று நிதானமாகப் படிக்க வேண்டும். மகளோடு போகும் பணம் உடனே கணவனைச் சேர்கிறது. அவளுக்கென்று ஒன்று வருவதானால் கணவன் இறந்தபின்தான் வரும். இடைப்பட்ட வாழ்நாள் முழுவதும் அவளுக்குச் சொந்தமாக ஒன்றுமில்லை.

அவளுடைய அன்பைப் பெற்றால்தான் இது செல்லும், அதுதான் எல்லாம் என்று பாப்டிஸ்டா ஒரு நிபந்தனை போடுகிறார். தகப்பனுடைய வாயிலிருந்து வந்த நல்ல சொல் அது. ஆனால் அதை அவரே காப்பாற்றவில்லை. பெட்ரூச்சியோவும் கேத்தரீனாவும் முதன்முறை சந்திக்கும் காட்சியில் சொல்லுக்குச் சொல், அடிக்கு அடி அவள் ஈடுகொடுக்கிறாள். இந்த நாடகத்தில் அவளோடு சரிசமமாகப் பேசத் தெரிந்த ஒரே ஆள் அவன்தான் என்பதும் உண்மை. நடிகர்கள் இந்தக் காட்சியை விரும்புவது எனக்குப் புரிகிறது. ஆனால் தகப்பன் திரும்பி வந்ததும் பெட்ரூச்சியோ என்ன சொல்கிறான் தெரியுமா? தனிமையில் அவள் என்மீது உயிரையே வைத்திருக்கிறாள், நாலு பேர் முன்னால் மட்டும் முன்போலவே சீறுவதாக எங்களுக்குள் பேசி வைத்திருக்கிறோம் என்கிறான். இதன்பின் அவள் மறுத்தாலும் அந்த மறுப்பே அவன் சொன்னதற்குச் சாட்சியாகிவிடும். ஞாயிற்றுக்கிழமை உன்னைத் தூக்கில் போடுவதைப் பார்ப்பேன் என்று அவள் சொன்னது எடுபடவில்லை. தகப்பன் இருவர் கையையும் சேர்த்து வைக்கிறார், பக்கத்தில் நின்ற இருவர் சாட்சி சொல்கிறார்கள், நிச்சயம் முடிந்தது. அதற்குப் பிறகு அந்தக் காட்சியில் கேத்தரீனாவுக்கு வசனமே இல்லை. ஊரெல்லாம் வாயாடி என்று ஏசிய பெண், தன் கல்யாணம் முடிவாகும் நேரத்தில் பேச இடமில்லாமல் நிற்கிறாள்.

அடுத்து வரும் காட்சி எங்கள் ஊரில் நடத்துவதற்கென்றே எழுதப்பட்டதுபோல் இருக்கும். பியாங்காவை யாருக்குக் கொடுப்பது என்பதை, யார் அதிகம் எழுதி வைக்கிறார்களோ அவருக்கே என்று பாப்டிஸ்டா முடிவு செய்கிறார். கிரேமியோ தன் வீட்டிலுள்ள பொருள்களைப் பட்டியலிடுகிறார்: தங்க, வெள்ளித் தட்டுமுட்டுச் சாமான்கள், கைகழுவும் பாத்திரங்கள், தந்தப் பெட்டிகளில் நிறைந்த காசு, சைப்ரஸ் மரப் பெட்டிகளில் துணிமணிகள், முத்துப் பதித்த துருக்கித் திண்டுகள், வெனிஸ் தங்கச் சரிகை வேலைப்பாடு, பித்தளை, ஈயக் கலங்கள், பண்ணையில் நூறு கறவைப் பசுக்கள். செட்டிநாட்டுக் கல்யாணத்தில் சாமான் பரப்பி வைத்ததைப் பார்த்த எவருக்கும் இந்தப் பட்டியல் அந்நியமாகத் தோன்றாது. வெள்ளிச் சாமான், பித்தளை அண்டா, எனாமல் வாளி, பர்மாவிலிருந்து வந்த அரக்குப் பாத்திரம், தலையணை, பாய் என்று வரிசையாக வைத்து, வந்தவர்கள் நடந்து பார்ப்பதற்கு வழி விட்டிருப்பார்கள். அவற்றில் பல இன்று காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவிலுள்ள பழம்பொருள் கடைகளில் விலைச்சீட்டோடு நிற்கின்றன.

ஆனால் ஒரு முக்கியமான வேறுபாடு உண்டு. கிரேமியோ சொல்லும் பட்டியல் கணவனுடைய சொத்து. கணவன் இறந்தால் மனைவிக்கு வரக்கூடியது. எங்கள் பக்கத்தில் பரப்பி வைக்கப்படுபவை பெண்ணோடு போய், பெண்ணின் அறையில், பெண்ணின் பூட்டுக்குள் இருப்பவை. நகரத்தார் திருமணத்தில் இரு வீட்டாரும் எழுதிக்கொள்ளும் இசைகுடிமானம் என்னும் ஒப்பந்தம் முன்பு ஓலையில் எழுதப்பட்டது. இப்போது தாளில் எழுதுகிறார்கள். எங்கள் வீட்டுப் பெட்டகத்தில் இருக்கும் ஓலையில் பெண்ணின் பெயர் இருக்கிறது, கொடுத்தவை இன்னின்ன என்பதும் இருக்கிறது. அவள் சம்மதித்தாளா என்பதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும் என்று நினைக்கிறேன். ஒன்றைச் சொல்லி மற்றதை விடுவது நேர்மையாகாது.

கேத்தரீனாவுக்கு அந்த முதல் பாதியும் இல்லை. திருமணத்தன்று மாப்பிள்ளை நேரங்கழித்து, கிழிந்த பழைய உடையில் வருகிறான்; கோவிலில் பாதிரியாரை அடிக்கிறான்; விருந்துக்குக்கூட இருக்க விடாமல் அவளை இழுத்துக்கொண்டு கிளம்பும்போது, இவள் என் பொருள், என் உடைமை, என் வீடு, என் வீட்டுச் சாமான், என் வயல், என் களஞ்சியம், என் குதிரை, என் மாடு, என் கழுதை, என் எதுவும் என்கிறான். இதை வெறும் ஆணவப் பேச்சு என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. அக்கால ஆங்கிலச் சட்டப்படி, மணமான பெண்ணின் தனிச் சட்ட இருப்பு கணவனுடைய இருப்புக்குள் மறைந்துவிடும். அவளுடைய அசையும் பொருள்கள் அவனுடையவை. அவளுடைய நிலத்தின் வருமானத்தை அனுபவிப்பவனும் அவனே. மணமான பெண்கள் தங்கள் பெயரிலேயே சொத்து வைத்துக்கொள்ளும் உரிமையை இங்கிலாந்து முழுமையாகத் தந்தது 1882ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான். பெட்ரூச்சியோ சட்டம் சொன்னதைத்தான் உரத்துச் சொல்கிறான். நாட்டை ஆண்டுகொண்டிருந்த முதலாம் எலிசபெத் அரசி கடைசிவரை மணம் செய்துகொள்ளாமலே இருந்தார் என்பதை இங்கே நினைத்துக்கொள்வது பொருத்தம்.

இனி அவன் வீடு. குளிரில், சேற்றில் விழுந்து எழுந்து, பசியோடு வந்து சேரும் மணப்பெண்ணின் முன்னால் இறைச்சியை வைக்கிறார்கள். அது கருகிப்போய்விட்டது, உடம்புக்கு ஆகாது, கோபத்தை வளர்க்கும் என்று சொல்லி அவன் எல்லாவற்றையும் தூக்கி எறிகிறான். இரவில் படுக்கை சரியில்லை என்று தலையணையையும் விரிப்பையும் வீசி அவளைத் தூங்கவிடாமல் செய்கிறான். அவன் தன் திட்டத்தைப் பார்வையாளரிடம் வெளிப்படையாகவே சொல்கிறான்: வல்லூறைப் பழக்குகிறவன் அதன் வயிற்றைக் காயப்போடுவான், தூங்கவிட மாட்டான், நானும் அப்படியே செய்கிறேன், எல்லாம் அவள்மீதுள்ள அக்கறையால் செய்வதுபோலவே செய்கிறேன் என்கிறான். கை நீட்டி அடிக்கவில்லை என்பதை அவனுக்குச் சாதகமாகச் சிலர் சொல்வார்கள். எனக்கு அதுவே மிகவும் அஞ்சத்தக்கதாகத் தோன்றுகிறது. அடியைப் பிறரிடம் காட்டலாம். உன் நன்மைக்காகத்தான் சாப்பாட்டை எடுத்துவிட்டேன் என்பவனை யாரிடம் போய்ச் சொல்வது? கேத்தரீனாவே அதைத் தெளிவாகச் சொல்கிறாள்: பட்டினியைவிட, இதை அன்பின் பெயரால் செய்கிறானே, அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை என்கிறாள். பிச்சை கேட்டுப் பழகாத அவள், வேலைக்காரனிடம் ஏதாவது சாப்பிடக் கொடு என்று கெஞ்சுகிறாள். அவனும் மாட்டுக்கால் வேண்டுமா, கடுகோடு மாட்டிறைச்சி வேண்டுமா என்று ஒவ்வொன்றாகச் சொல்லி, கடைசியில் எதையும் தராமல் போகிறான்.

இந்தக் காட்சியை நடத்திக்கொண்டிருந்தபோது, தேவகோட்டைப் பக்கத்திலிருந்து வரும் மாணவி ஒருத்தி, "மேடம், அந்த வீட்டுல பொம்பளைங்களே இல்லையா?" என்று கேட்டாள். அதுவரை நான் படித்திருந்த விமரிசனங்கள் எவையும் என்னை இவ்வளவு நேராக அந்த இடத்தில் கொண்டுபோய் நிறுத்தியதில்லை. உண்மையில் அங்கே இல்லைதான். பெட்ரூச்சியோவின் தகப்பன் இறந்துவிட்டார்; தாயைப் பற்றிப் பேச்சில்லை; வீட்டில் பெயர் சொல்லி அழைக்கப்படுவோர் எல்லாம் ஆண் வேலையாட்கள். கேத்தரீனாவுக்கும் தாய் இல்லை. அத்தை, சித்தி, தோழி, செவிலி என்று அவளிடம் தனியே பேச நாடகம் முழுவதிலும் ஒருத்தியும் இல்லை. அவளுடைய கணக்கில் இருக்கும் ஒரே பெண் தங்கை, அவளோடும் பகை. கதாநாயகியைச் சுற்றி இத்தனை வெறுமையை ஷேக்ஸ்பியர் அறியாமல் வைத்திருக்க முடியாது என்றே கருதுகிறேன்; அவருடைய மற்ற இன்பியல் நாடகங்களில் பெண்கள் பெரும்பாலும் இருவராகவே வருகிறார்கள்.

செட்டிநாட்டு வீட்டின் அமைப்பையே எடுத்துக்கொள்வோம். முகப்பும் பட்டாலையும் ஆண்களின் இடம். உள்கட்டுகள் பெண்களின் இடம். புதிதாக வந்தவள் அங்கே மாமியாருக்கும் ஓரகத்திக்கும் நடுவில்தான் விழுகிறாள், அது அவளுக்கு எப்போதும் இனிமையாக இருந்தது என்று சொல்ல மாட்டேன். ஆனால் எங்களிடம் வேறு வைத்தல் என்ற வழக்கம் உண்டு. திருமணமான மகனையும் மருமகளையும் அதே வீட்டுக்குள் தனி அடுப்பாக வைத்து, ஆண்டுக்கு வேண்டிய நெல்லும் பிறவும் அளந்து கொடுத்துவிடுவார்கள். வளவு என்னும் உள்முற்றத்தைச் சுற்றி ஒவ்வொரு மகனுக்கும் ஓர் அறை, அந்த அறைக்குள் மனைவியின் சீர், பின்கட்டில் அவளுக்கென்று ஓர் அடுப்பு. கணவனுக்குச் சோறு போடுகிறவள் அவள்; அவளுக்குச் சோறு போடலாமா வேண்டாமா என்று தீர்மானிக்கும் நிலையில் அவன் இல்லை. பெட்ரூச்சியோ செய்ததை அந்த வீட்டுக்குள் செய்ய வேண்டுமானால், முதலில் அடுப்படியைத் தாண்ட வேண்டும். பிறகு அங்கே உட்கார்ந்திருக்கும் ஆச்சிமாரையும் தாண்ட வேண்டும்.

இறுதிப் பேருரையில் ஒரு பகுதி இருக்கிறது. உன் கணவன் உனக்காகக் கடலிலும் நிலத்திலும் உடல் வருந்த உழைக்கிறான், இரவில் புயலிலும் பகலில் குளிரிலும் விழித்திருக்கிறான். நீயோ வீட்டில் கதகதப்பாக, பாதுகாப்பாகப் படுத்திருக்கிறாய் என்கிறாள் கேத்தரீனா. அதனால் உன் அன்பையும் பணிவையும் அவனுக்குக் கடனாகச் செலுத்து என்பது வாதம். இவ்வாதம் திடீரென்று முளைத்ததன்று. கணவனுக்கு அடங்கி நடக்கும்படி மனைவியருக்குச் சொன்ன அறவுரை 1563 முதல் இங்கிலாந்தின் தேவாலயங்களில் படிக்கப்பட்டுவந்தது. ஆனால் பெட்ரூச்சியோ கடலில் எந்த வேலையும் செய்யவில்லை. அவன் பெற்ற இருபதாயிரம் கிரௌன் மனைவியின் தகப்பன் பணம். அந்த வரிகளை அவள் அவன் முன்னிலையில் சொல்லும்போது, சொல்லுக்கும் நடப்புக்கும் இடையே இருக்கும் தூரம் மேடையில் எல்லோருக்கும் தெரியத்தான் வேண்டும்.

எங்கள் ஊரில் ஆண்கள் உண்மையிலேயே கடல் கடந்து போனவர்கள். பர்மா, மலாயா, இலங்கை என்று கொண்டுவிற்கப் போனார்கள். மேலாளாகப் போனவர் மூன்று ஆண்டுக் கணக்கை முடித்துவிட்டுத்தான் ஊர் திரும்புவார். அந்தக் காலமெல்லாம் மனைவிமார் கதகதப்பாகப் படுத்திருக்கவில்லை. நெல் அளந்தார்கள், குத்தகை வாங்கினார்கள், முறை செய்தார்கள், வீடு கட்டுவதை நின்று பார்த்துக்கொண்டார்கள். பெண்களின் சீதனப் பணம் கடைகளில் ஆச்சிமார் பணம் என்று தனியாகப் பற்று வரவு வைக்கப்பட்டு வட்டி வளர்ந்தது. என் அப்பத்தா ரங்கூனுக்கு எழுதிய கடிதம் ஒன்று இன்னும் எங்கள் வீட்டில் இருக்கிறது. பழுப்பேறிய தாளில், கணவரின் பெயரை எங்கும் எழுதாமல், அவர்கள் அவர்கள் என்று அத்தனை மரியாதையோடு தொடங்குகிறது. கோவில் செய்தி, பிள்ளைகளின் உடல்நலம், கிணற்றில் தண்ணீர் குறைந்தது எல்லாம் சொல்லிவிட்டு, நிற்க என்று போட்டு, என் பேரிலுள்ள தொகைக்கு இந்த வருஷ வட்டி இன்னும் வரவு ஆகவில்லை, விவரம் எழுதவும் என்று முடிகிறது. பின்னாளில் அதைப் பற்றி நான் கேட்டபோது, "உங்க ஐயா ஊருக்கு வந்தா விருந்தாளி மாதிரிதான் ஆத்தா; பெட்டகச் சாவி எங்கிட்டதான் இருக்கும்" என்றார். கேத்தரீனாவின் பேருரையில் இருக்கும் பணிவுச் சொற்களைவிட அப்பத்தாவின் கடிதத்தில் இருப்பவை குறைந்தவை அல்ல. ஆனால் அவற்றுக்குக் கீழே வட்டிக் கணக்கு இருந்தது. பணிவாகப் பேசுகிறவள் பணிந்தவளா இல்லையா என்பதை அவளுடைய சொல்லைக்கொண்டு மட்டும் முடிவு செய்யக் கூடாது என்று எனக்குக் கற்றுக்கொடுத்தது அந்தத் தாள்.

செட்டிநாட்டை நான் சொர்க்கமாக்கிக் காட்டவில்லை. சீர் கொடுக்க முடியாத வீட்டில் பெண் பிறந்தால் பெற்றவர்கள் பட்ட பாடும், சீர் குறைந்ததென்று வந்த வீட்டில் அந்தப் பெண் கேட்ட பேச்சும் இந்த மண்ணுக்குத் தெரியும். 1961இல் வரதட்சணைத் தடைச் சட்டம் வந்த பின்னும் பேச்சுவார்த்தை நிற்கவில்லை. சீர் கொடுத்தாகிவிட்டது என்ற ஒரே காரணத்தைச் சொல்லி மகள்களுக்குக் குடும்பச் சொத்தில் பங்கில்லை என்று வைத்திருந்தார்கள். தமிழ்நாடு 1989இல் கொண்டுவந்த திருத்தம்கூட அதற்கு முன்பே மணமாகிவிட்ட மகள்களைச் சேர்க்கவில்லை. பெண்ணுக்குப் பொருள் இருந்தது, ஆனால் யாரை மணப்பது என்பதில் குரல் இல்லை. ஆகவே பதுவாவும் காரைக்குடியும் ஒன்றல்ல, நேரெதிரும் அல்ல. பேச்சுரிமையும் பொருளுரிமையும் தனித்தனி என்பதையும், பின்னது இருந்தால் முன்னது மெல்ல மெல்லவேனும் வந்து சேர வழி பிறக்கும் என்பதையும் எங்கள் வீடுகளில் கண்டிருக்கிறேன். அதனால்தான் கேத்தரீனாவின் வெறுங்கை என் கண்ணில் படுகிறது.

நாடகத்தில் மென்மையான இடங்களும் இருக்கின்றன. அவற்றை மறைத்தால் ஷேக்ஸ்பியருக்கு அநீதி. பதுவாவுக்குத் திரும்பும் வழியில் பட்டப்பகலில் சூரியனைச் சந்திரன் என்கிறான் பெட்ரூச்சியோ. முதலில் மறுக்கும் கேத்தரீனா, பிறகு சந்திரனோ சூரியனோ, மெழுகுவத்தி என்றாலும் சரி, நீ சொன்னதே ஆகட்டும் என்கிறாள். எதிரே வந்த முதியவரை இளங்கன்னி என்று அவன் அழைத்தால், அவள் ஒருபடி மேலே போய் அந்தக் கன்னியின் அழகைப் பெற்றவர்கள் பாக்கியசாலிகள் என்று வருணிக்கிறாள். அந்த வருணனையில் அவளுடைய பழைய சொல்வீச்சு திரும்பி வருகிறது. தெருவில் முத்தம் கேட்கும்போது முதலில் வெட்கப்பட்டு, பிறகு கொடுத்து, இங்கேயே இருப்போம் என்கிறாள். இவ்விருவருக்கும் இடையே ஏதோ ஒன்று பிறந்துவிட்டது என்று படிப்பவர்களோடு நான் சண்டையிட மாட்டேன். ஆனால் அது பிறந்த நேரத்தைப் பார்க்க வேண்டும். தகப்பன் வீட்டுக்குப் போக வேண்டுமானால் சூரியனைச் சந்திரன் என்று சொல்லியாக வேண்டும். இல்லாவிட்டால் குதிரைகளைத் திருப்பிவிடுவேன் என்று அவன் மிரட்டிய பிறகுதான் இந்த விளையாட்டு தொடங்குகிறது. மறுக்க முடியாதவள் இசைந்து விளையாடும்போது, அந்த இசைவின் அளவை நம்மால் கண்டறிய முடியாது.

இறுதி விருந்தில் மூன்று கணவர்கள் பந்தயம் கட்டுகிறார்கள்: யார் மனைவி அழைத்ததும் வருகிறாளோ அவனுக்குப் பந்தயப் பணம். தொகை நூறு கிரௌன். பியாங்கா வேலையாக இருக்கிறேன், வர முடியாது என்று சொல்லி அனுப்புகிறாள். பியாங்காவை முன்பு விரும்பிய மற்றவனான ஹார்டென்ஷியோ மணந்த கைம்பெண், நீ ஏதோ வேடிக்கை செய்கிறாய், வேண்டுமானால் நீயே இங்கே வா என்று சொல்லி அனுப்புகிறாள். கேத்தரீனா வருகிறாள். விமரிசகர்கள் கேத்தரீனாவையே பார்க்கிறார்கள். நான் அந்தக் கைம்பெண்ணைப் பார்க்கச் சொல்வேன். நாடகத்தில் அவளுக்குப் பெயர்கூட இல்லை. ஆனால் பணக்காரக் கைம்பெண் என்றே அவள் அறிமுகமாகிறாள். கணவன் இறந்தபின் தன் பெயரிலேயே சொத்தை ஆளும் உரிமை ஆங்கிலப் பெண்ணுக்குக் கிடைத்தது. அந்த நிலையிலிருந்து வந்து, தன் கையில் இருப்பதை அறிந்து, இரண்டாம் திருமணம் செய்துகொண்டவள் அவள். மூன்று மனைவியருள், நீ வா என்று கணவனுக்கே ஆணை அனுப்பும் ஒருத்தி அவளாக இருப்பது தற்செயலாகத் தோன்றவில்லை.

பந்தயம் முடிந்ததும் பாப்டிஸ்டா பெட்ரூச்சியோவைப் பார்த்து, இவள் முற்றிலும் மாறிவிட்டாள், வேறொரு மகளாகிவிட்டாள், வேறொரு மகளுக்கு வேறொரு வரதட்சணை என்று சொல்லி இன்னும் இருபதாயிரம் கிரௌன் தருகிறார். அது யாருக்குப் போகிறது? பணிந்தவள் அவள், கூலி அவனுக்கு. அவள் தன் நீண்ட உரையை, நாற்பது வரிகளுக்கு மேல், ஆற்றுவது அதன் பிறகுதான். அவள் மனத்தார நம்பிச் சொன்னாலும், உள்ளுக்குள் நகைத்துக்கொண்டே சொன்னாலும், அந்தப் பணம் எவர் கைக்குப் போயிற்று என்பதில் எந்த மாற்றமும் இல்லை. அதனால்தான் கண் சிமிட்டும் நடிகையின் தீர்வு எனக்குப் போதவில்லை.

அந்த உரையை அன்று மேடையில் பேசியவன் ஒரு சிறுவன் என்பதையும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆங்கிலப் பொது மேடையில் 1660 வரை பெண்கள் நடிக்கவில்லை. இந்நாடகமோ குடிகாரன் ஒருவனுக்குக் காட்டப்படும் நாடகமாகத்தான் தொடங்குகிறது. அவனுக்கு மனைவியாகப் பெண்வேடமிட்ட வேலைக்காரப் பையன் ஒருவன், நான் உங்களுக்கு எல்லாவிதத்திலும் கீழ்ப்படியும் மனைவி என்று சொல்கிறான். அந்தக் குடிகாரன் ஃபோலியோப் பாடத்தில் நடுவிலேயே காணாமல் போகிறான். 1594இல் அச்சான இதே கதையின் மற்றொரு வடிவத்தில் அவன் கடைசியில் விழித்தெழுந்து, மனைவியை அடக்குவது எப்படி என்று இப்போது தெரிந்துகொண்டேன் என்று சொல்லி வீட்டுக்குப் புறப்படுகிறான். கற்றுக்கொள்ளக் கூடாதவன் கற்றுக்கொண்டு போகிறான் என்ற அச்சம் நாடகத்துக்கே இருந்திருக்கிறது.

அக்காலத்துப் பார்வையாளர் எல்லோரும் பெட்ரூச்சியோவை ஏற்றுக்கொண்டார்கள் என்று நினைப்பதற்கும் ஆதாரமில்லை. ஷேக்ஸ்பியர் உயிரோடிருந்தபோதே, 1611 வாக்கில், ஜான் ஃப்ளெட்சர் இதற்கொரு தொடர்ச்சி எழுதினார். கேத்தரீனா இறந்துவிட்டாள், பெட்ரூச்சியோ மரியா என்பவளை மணக்கிறான். முதலிரவன்றே மரியா மாடியில் கதவை அடைத்துக்கொள்கிறாள். அவளோடு பியாங்காவும் வேறு பெண்களும் இருக்கிறார்கள். முற்றுகையைத் தாங்கும் அளவுக்கு உணவும் சேர்த்து வைத்திருக்கிறார்கள். நகரத்திலிருந்தும் கிராமங்களிலிருந்தும் மனைவிமார் துணைக்கு வந்து சேர்கிறார்கள். மரியா தன் நிபந்தனைகளை எழுதிக் கொடுத்து அவனை ஒப்புக்கொள்ள வைக்கிறாள். பெண் துணை, அடுப்படி, எழுத்து: கேத்தரீனாவிடம் இல்லாத மூன்றையும் ஃப்ளெட்சர் மரியாவுக்குக் கொடுத்திருக்கிறார். 1633 நவம்பர் 26ஆம் நாள் ஷேக்ஸ்பியரின் நாடகமும், 28ஆம் நாள் ஃப்ளெட்சரின் நாடகமும் லண்டனில் சார்லஸ் மன்னர், அரசி முன்னிலையில் நடிக்கப்பட்டன. அரசவைக் கேளிக்கைகளுக்குப் பொறுப்பாளரான ஹென்றி ஹெர்பர்ட், முன்னதைப் பற்றி விரும்பப்பட்டது என்றும், பின்னதைப் பற்றி மிகவும் விரும்பப்பட்டது என்றும் குறித்து வைத்தார். பாடத்திட்டத்தில் முதல் நாடகம் மட்டுமே இருக்கிறது. வரும் பருவத்தில் இரண்டாவதையும், குறைந்தது அந்த மாடிக் காட்சிகளையாவது, மாணவியர் கையில் கொடுக்கப் போகிறேன்.